நகம் படாத தலை

நரேலா, டெல்லி
22.12.2025

ஆத்தூரில் இருக்கும் தம்பி மதியழகனுக்கு டெல்லியிலிருந்து ஆராயி அக்கா எழுதிக்கொண்டது. இங்கு நானும் என் வீட்டுக்காரரும் மகளும் நலம் என்று எழுதுவதுதான் முறை. நலமாக இல்லை. அதற்குக் காரணம் நீ. அங்கே உன் நலமும் உன் தலையின் நலமும் எப்படி என்று தெரிய வேண்டும்.

உனக்குப் பதினோரு முறை போன் செய்தேன். ஒரு மணி அடித்து நின்றுவிடுகிறது. நீ என் நம்பரை பிளாக் செய்திருக்கிறாய் என்று என் மகள் பூங்கோதைதான் பார்த்துச் சொன்னாள். போனை பிளாக் பண்ணலாம், தபால்காரரை என்ன செய்வாய்? ஊருக்குக் கிளம்பும்போது மருந்துச் சீட்டின் பின்பக்கம் நீயே விலாசம் எழுதிக் கொடுத்தாய். கல்யாணத்துக்குக் கட்டாயம் வரணும்க்கா என்றாய். அந்த விலாசத்துக்குத்தான் ஸ்பீட் போஸ்டில் அனுப்புகிறேன். எட்டாவது வரை படித்தவள். எழுத்து கோணலாக இருந்தால் பொறுத்துக்கொள், விஷயம் நேராகத்தான் இருக்கும்.

முடி நடும் அந்தக் கிளினிக்கில் ஆயாவாக இருந்தபோது உன்னை நீங்க, வாங்க என்றுதான் பேசினேன். என் மகனாக இருந்தாலும் அங்கே படுத்திருந்தால் அப்படித்தான் பேசியிருப்பேன், அது அங்கே வழக்கம். இப்போது அந்த வேலையே இல்லை. அதனால் நீ என்றே எழுதுகிறேன்.

இந்த மாதம் எட்டாம் தேதி காலையில் டாக்டர் சாப் என்னை உள்ளே கூப்பிட்டார். மேனேஜர் மேடமும் இருந்தாள். நீ புகாரோடு அனுப்பிய உன் தலைப் படத்தை கம்ப்யூட்டரில் பெரிதாகப் போட்டிருந்தார்கள். நெற்றி மேட்டில் வைத்த முடி ஒரு உள்ளங்கை அகலத்துக்கு இல்லை. சுற்றிச் சீழ்க்கொப்புளம். கடைசி நாள் தலை கழுவும்போது ஆயா நகத்தால் அழுத்தித் தேய்த்தாள் என்று நீ எழுதியிருப்பதாக மேடம் படித்துக் காட்டினாள். என் கையை நீட்டச் சொன்னாள். நீட்டினேன். நகம் ஒட்ட வெட்டியிருந்தது, ஆறு வருஷமாக அப்படித்தான். டாக்டர் சாப் கையைப் பார்க்கவில்லை. "கல் ஸே மத் ஆனா" என்றார். நாளையிலிருந்து வராதே என்று அர்த்தம். ஆறு வருஷத்துக்கு நாலு வார்த்தை.

நான் ஒன்றும் சொல்லாமல் வந்துவிட்டேன் என்று நினைக்காதே. டாக்டர் சாப், அந்த ஆள் பொய் சொல்கிறான் என்று சத்தம் போட்டேன். வாட்ச்மேன் வந்து வெளியே கூட்டிக்கொண்டு போனான். தினமும் எனக்குச் சாயா வாங்கி வருகிற வாட்ச்மேன், அன்றைக்கு என் முகத்தைப் பார்க்காமல் கதவைத் திறந்துவிட்டான்.

உனக்கு மறந்திருக்கும், நான் ஞாபகப்படுத்துகிறேன். ஆபரேஷன் முடிந்து மேல்மாடி அறைக்கு உன்னைக் கொண்டுவந்தபோது டீ சர்ட் கழற்றத் தெரியாமல் திருதிருவென்று முழித்தாய். தலை வழியாகக் கழற்றினால் வைத்த முடி அத்தனையும் போய்விடும் என்று ஊருக்கே தெரியும், உனக்குத் தெரியவில்லை. நான்தான் கத்தரிக்கோலால் முன்பக்கம் வெட்டி எடுத்தேன். மறுநாள் வேலைக்கு வரும் வழியில் சரோஜினி நகரில் இறங்கி முன்னால் பட்டன் வைத்த சட்டை மூன்று வாங்கி வந்தேன். நீலம் பிடிக்கலை என்றாய். அப்போதே உன்னை எடை போட்டிருக்க வேண்டும்.

முதல் மூன்று நாள் அரைமணிக்கு ஒருதரம் உப்புத் தண்ணீர் ஸ்பிரே அடித்தது யார்? மூன்றாம் நாள் நெற்றியில் நீர் இறங்கிக் கண் இரண்டும் வீங்கியபோது, கண்ணே போச்சுக்கா என்று அழுதாய். எல்லாருக்கும் இறங்கும், இரண்டு நாளில் வடியும் என்று சொல்லி, ஐஸைத் துணியில் சுற்றிப் புருவத்துக்கு மேலே, முடி வைத்த இடத்தில் படாமல், நின்றபடியே பிடித்தேன். நீ சாய்ந்து தூங்க வேண்டும், தலை ஒருபக்கமாகச் சரியக் கூடாது. பின் கழுத்துக்குத் துண்டைச் சுருட்டி வைத்தேன். குனிந்து செருப்பு மாட்டாதே என்று சொல்லி, உன் செருப்பையும் நான் மாட்டிவிட்டேன். அது என் வேலை, அதில் எனக்குக் குறை இல்லை. ஆனால் வேலையை ஒழுங்காகச் செய்தேன், அதை இல்லை என்று நீ சொல்லக் கூடாது.

கழுவுவதைச் சொல்கிறேன். நகம் என்றாயே, அதற்காகச் சொல்கிறேன். ஷாம்பூவைக் கையில் நுரைத்து, நுரையை மட்டும் தலையில் வைப்பேன். கை தலையில் படாது. பத்து நிமிஷம் ஊறவிட்டு, வெதுவெதுப்பான தண்ணீரைச் சின்ன மக்கில் கொஞ்சம் கொஞ்சமாக விடுவேன். முன்பக்கம் துண்டு போடுவதே கிடையாது, காற்றில்தான் காய வேண்டும். கைக்குழந்தையின் உச்சிக்குழியைத் தொடுவது மாதிரி என்று டாக்டர் சாப் முதல் நாள் சொல்லிக்கொடுத்தார். எனக்கு அதைச் சொல்லிக்கொடுக்க ஆம்பிளை டாக்டர் தேவையில்லை. உன் தலையை ஐந்துதரம் கழுவினேன். ஐந்துதரமும் நீ வலிக்குது என்று ஒரு வார்த்தை சொன்னதில்லை. ஒருதரம் தூங்கியே போனாய்.

பத்து நாள் இருந்து பொருக்கு உதிர்ந்த பிறகு போ என்று டாக்டர் சாப் தலைதலையாய் அடித்துக்கொண்டார். வேலை பார்க்கும் பேங்கில் கூப்பிடுகிறார்கள் என்று அவரிடம் பொய் சொன்னாய். என்னிடம் உண்மையைச் சொன்னாய். தையில் கல்யாணத்தோடு சேர்த்து வைப்பதாக இருந்த பரிசத்தைப் பெண்வீட்டார் கார்த்திகையிலேயே வைத்துவிட்டார்கள், போகாவிட்டால் சந்தேகப்படுவார்கள் என்றாய். முடி நடுவதற்காக மழித்த மொட்டைத் தலையோடு எப்படிப் போவாய் என்று கேட்டேன். டெல்லி முருகன் கோயிலில் வேண்டுதல் மொட்டை போட்டேன் என்று வீட்டில் சொல்லிவிட்டேன்க்கா என்று சிரித்தாய். என்ன புத்திசாலித்தனம் என்று நானும் சேர்ந்து சிரித்தேன். சிரித்த வாயில் மண்ணைப் போட வேண்டும்.

கோயில் மொட்டை என்று சொன்னால் நம் ஜனங்கள் என்ன செய்வார்கள்? சந்தனம் பூசுவார்கள். பிறந்த குழந்தையிலிருந்து பல் போன கிழவர் வரைக்கும் மொட்டை என்றால் சந்தனம்தான். அது அப்போது உனக்கும் தோன்றவில்லை, எனக்கும் தோன்றவில்லை. அந்த ஒரு தப்பு என் மேலும் உண்டு, அதை ஒத்துக்கொள்கிறேன்.

ஒன்பதாம் நாள் பரிசத்தன்று சாயங்காலம் நீ போன் செய்தாய். மறந்துவிட்டது என்று சொல்லாதே. தலை சிவந்திருக்கிறதே, கத்தி ஒத்துக்கவில்லை போல என்று உன் அம்மா கிண்ணம் நிறையச் சந்தனம் குழைத்துப் பூசினார்கள். வேண்டாம் என்று சொல்ல உனக்கு வாய் வரவில்லை. தொப்பி போட்டிருந்ததை உன் அத்தை பிடுங்கிவிட்டாள், நல்ல காரியத்தில் என்ன தொப்பி என்று. அப்புறம் ஆளுக்கு ஒரு கை. பெண்வீட்டாரும் சேர்ந்து பூசினார்கள். வீட்டுக்குப் போனதும் காய்ந்து ஓடு மாதிரி இறுகிவிட்டது. நீ துண்டை நனைத்து அழுத்தித் தேய்த்தாய். துண்டில் ரத்தமும் முடியும் வந்த பிறகுதான் எனக்குப் போன்.

"அக்கா, எல்லாம் போச்சுக்கா, எடுத்துட்டேன்க்கா" என்று அழுதாய்.

எடுத்துட்டேன் என்று நீ சொன்னாய், தம்பி. உன் வாயால் சொன்னாய். இனிமேல் கை வைக்காதே, மிச்சம் இருப்பதை உப்புத் தண்ணீரில் ஊறவிட்டுக் கரை, உடனே டாக்டருக்குப் போன் செய் என்று சொன்னேன். படம் அனுப்பு என்றேன். பரிசத்தில் எடுத்த படத்தையும் துண்டின் படத்தையும் அனுப்பினாய். அடுத்த பத்து நாள் ஒரு பேச்சும் இல்லை. அதற்குள் காயத்தில் சீழ் பிடித்திருக்கிறது. திட்டுவாரே என்று டாக்டர் சாப்புக்குப் பயந்திருக்கிறாய், திரும்ப இலவசமாக வைக்கச் சொல்லக் கிளினிக் மேல் ஒரு குற்றமும் வேண்டியிருக்கிறது. யாரைச் சொல்வது? டாக்டரைச் சொல்ல முடியுமா? மேடத்தைச் சொல்ல முடியுமா? இளைத்தவள் ஆயா இருக்கிறாளே. முருகனுக்கு ஒரு பொய், டாக்டருக்கு ஒரு பொய், அம்மாவுக்கு ஒரு பொய், கடைசியில் எல்லாப் பொய்யையும் இறக்கி வைக்க என் தலைதான் கிடைத்ததா?

நீ அனுப்பிய படங்களை அழித்துவிட்டாய், தெரியும். என் போனில் தனியாகவும் ஏறியிருக்கிறது என்று உனக்குத் தெரியாது. எனக்கும் தெரியாது, பூங்கோதைதான் எடுத்துக் காட்டினாள். சந்தனத் தலை, ரத்தத் துண்டு, இரண்டும் இருக்கிறது, தேதியோடு. என் வீட்டுக்காரர் காத்தவராயன் இவற்றை டாக்டர் மேஜையில் வைத்துவிட்டு வா என்று தினமும் கத்துகிறார். நாங்கள் இருந்த மதராசி கேம்ப் குடிசைகளை இடித்தபோதும் காகிதம் இருக்கு, காகிதம் இருக்கு என்று சும்மா இருந்தே இங்கே வந்து கிடக்கிறோம் என்கிறார். அவர் சொல்வதிலும் நியாயம் இருக்கிறது. கேம்ப்பில் இருந்தபோது கிளினிக்குக்கு நடந்தே போவேன். நரேலாவிலிருந்து இரண்டு மணி நேரம், மூன்று பஸ். அப்படியும் ஒருநாள் தாமதமாகப் போனதில்லை. அப்படிக் காப்பாற்றிய வேலை.

ஆனால் அந்தப் படத்தில் உன் பக்கத்தில் அந்தப் பெண் நிற்கிறாள். சிந்து என்று சொன்னாய். அவள் கையிலும் சந்தனம். கூச்சத்தோடு ஒரு விரலால் உன் தலையில் பொட்டு மாதிரி வைத்துச் சிரிக்கிறாள். அந்தப் படம் கிளினிக் போன்களில் சுற்றினால் மேடம் சிரிப்பாள், கம்பவுண்டர் பையன்கள் சிரிப்பார்கள். ஒரு பாவமும் அறியாத பெண் முகத்தைப் பத்துப் பேர் சிரிக்கக் கொடுத்துத்தான் என் வேலையைத் திரும்ப வாங்க வேண்டுமா? அதனால்தான் இரண்டு வாரமாகப் பொறுத்திருக்கிறேன். உனக்காக என்று நினைத்துக்கொள்ளாதே. உனக்காக ஒரு நிமிஷம் பொறுக்க மாட்டேன்.

என் இடத்தில் ஒரு நேபாளிப் பெண்ணை மாத முடிவு வரை வைத்துப் பார்க்கிறார்கள். ஒன்றாம் தேதி அவளையே நிரந்தரமாக வைத்துக்கொள்வார்கள். அதற்கு முன்னால் நீ பேச வேண்டும். முப்பத்தொன்றாம் தேதி வரை பார்ப்பேன். அதற்கு மேல் சிந்துவின் முகத்தை மறைத்துவிட்டு உன் முகத்தை மட்டும் காட்ட முடியுமா என்று பூங்கோதையிடம் கேட்டிருக்கிறேன். முடியும் என்று சொல்லியிருக்கிறாள்.

வேலை போனதைக்கூடத் தாங்கிக்கொள்வேன், கையும் காலும் இருக்கிறது. தாங்க முடியாததைச் சொல்கிறேன். பூங்கோதை இங்கேயே பிறந்தவள், பன்னிரண்டாவது படிக்கிறாள். தமிழ் பேசுவாள், படிக்க வராது. நீ இங்கிலீஷில் எழுதிய பொய்யை மேடம் எனக்கு போனில் அனுப்பினாள். பூங்கோதைதான் அதைப் படித்து எனக்குச் சொன்னாள். படித்து முடித்துப் போனைக் கீழே வைத்தாள். பிறகு கேட்டாள்.

"அம்மா, சச் போலோ. உன் நகம் பட்டுச்சா?"

உண்மையைச் சொல் என்கிறாள். பெற்ற மகள். அந்தப் படங்களைப் பார்ப்பதற்கு முன்னால் கேட்டாள். பார்த்த பிறகு ஸாரி சொன்னாள். ஆனால் கேட்டுவிட்டாளே. இங்கிலீஷில் எழுதியிருந்தால் உண்மையாக இருக்கும் என்று அவளுக்கும் தோன்றியிருக்கிறதே. நீ எனக்குச் செய்ததில் இதற்கு மன்னிப்பே கிடையாது.

உன் தலையைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன், சொல்லாமல் இருக்க முடியவில்லை. கொப்புளத்தைக் கிள்ளாதே. ஆத்தூரில் தோல் டாக்டரிடம் காட்டு, மெடிக்கல் கடையில் கேட்டு எதையாவது தடவாதே. தேங்காய் எண்ணெய் வேண்டாம். வெயிலில் போனால் தளர்ந்த துணித் தொப்பி போடு, ஹெல்மெட் மாட்டி வண்டி ஓட்டாதே, பஸ்ஸில் போ. இன்னொன்று. இந்த ஐந்தாவது ஆறாவது வாரத்தில், நன்றாக ஊன்றிய முடியும் கொட்டும். எல்லாருக்கும் கொட்டும், வேர் உள்ளே இருக்கும், நாலாம் மாதம் திரும்ப முளைக்கும். பயப்படாதே. அந்த முடிக்கும் என் பெயரைச் சொல்லிவிடாதே.

தைக் கல்யாணத்துக்கு முடி வராது. இந்தத் தலையோடுதான் மணையில் உட்கார வேண்டும். அந்தப் பெண்ணிடம் இப்போதே சொல்லிவிடு. படத்தில் அவள் பார்க்கிற பார்வையைப் பார்த்தால், முடிக்காக உன்னை ஒத்துக்கொண்டவளாக எனக்குத் தெரியவில்லை. சொல்லாமல் கட்டிக்கொண்டால் நாளைக்கு அவள் மேலும் ஒரு பழி போடுவாய். பழகிவிட்டதல்லவா.

டாக்டர் சாப் காலை பத்து மணிக்கு மேல் போன் எடுப்பார். நீண்ட கதை வேண்டாம். ஆராயி கை படவில்லை, நானேதான் எடுத்தேன் என்று சொன்னால் போதும். பிறகு பூங்கோதை நம்பருக்கும் ஒரு போன் செய்து அதையே சொல். நம்பர் கீழே எழுதியிருக்கிறேன். அவளிடம் தமிழிலேயே சொல்.

இதை எழுத உட்காரும்போது, நாசமாகப் போ என்று முடிக்க வேண்டும் என்றுதான் உட்கார்ந்தேன். எழுத வரவில்லை. ஏழு நாள் இந்தக் கைக்குள் வைத்திருந்த தலை. நீ நன்றாக இரு. முதலில் போன் செய்.

இப்படிக்கு,
ஆராயி