நார்த்தை நின்ற இடம்

அத்தை,

இன்று இலஞ்சியில் ஒரு தோழி வீட்டில் மோர் கொடுத்தார்கள். நார்த்தை இலையைக் கசக்கிப் போட்ட மோர். டம்ளர் வாயருகே வந்ததும் அந்த வாசம் ஏறியது. மடியிலிருந்த வரலாற்றுப் புத்தகமும் தோழியின் பேச்சும் வெளியே விழுந்த சாரலும் மெல்ல விலகிப்போயின. நான் உங்கள் வீட்டுப் பக்கவாட்டில் நின்றுகொண்டிருந்தேன்.

உங்கள் வீடு ரோட்டோரம், எங்கள் வீடு அதற்குப் பின்னால். உங்கள் மனையின் மேற்கு எல்லைச் சுவருக்கும் நார்த்தை மரத்துக்கும் நடுவேதான் நாங்கள் ரோட்டுக்குப் போவோம். அடுக்களை ஜன்னலிலிருந்து, "ஏட்டி, மோருக்கு ரெண்டு எல பறிச்சிட்டு வா" என்பீர்கள். முள் குத்தாமல் பறிக்க எனக்கு மட்டுமே தெரியும் என்று ஒரு பெருமை. பிறகு நீங்கள் வேலி போட்டீர்கள். அப்பா வழக்குப் போட்டார். பேச்சு நின்றது. வழக்கு நடக்கும்போதே ஓர் ஆடிக் காற்றில் மரம் சாய்ந்தது. அடுத்த வருஷம் அப்பா பக்கவாதத்தில் விழுந்தார். ஆஸ்பத்திரிக்குப் போகும்போதெல்லாம் அவரை நாற்காலியில் வைத்து, தென்னந்தோப்பைச் சுற்றித் தூக்கிப் போனோம்.

தீர்ப்பு எங்கள் பக்கம் வந்தது. அதை நிறைவேற்ற கோர்ட் அமீனா வந்தபோது நான் எட்டாம் வகுப்பு. அந்தக் காலை இன்னும் கனவு போலத்தான் இருக்கிறது. குற்றாலத்துப் பக்கமிருந்து மேகம் இறங்கி மலையை மறைத்திருந்தது. வேலியைப் பிரிக்கும் சத்தம்கூட எங்கோ தூரத்தில் கேட்பதுபோல் இருந்தது. 'மேற்குச் சுவர் முதல் நார்த்தை மரம் வரை பாதை' என்று தீர்ப்பில் எழுதியிருந்தது. மரம்தான் இல்லை.

"இல்லாத மரத்துக்கு நான் எங்கன டேப்பப் பிடிக்க?" என்றார் அமீனா. "ரெண்டு வீடும் ஒத்துச் சொன்னா அளக்கேன். இல்லன்னா திரும்பக் கோர்ட்டுக்குத்தான்."

என் தாய்மாமா உங்கள் துவைக்கிற கல்லைக் காட்டினார். "இங்கனதான் நின்னுச்சு. விழுந்த பெறவு மேல கல்லப் போட்டு மறைச்சிருக்காவ."

"ஆமா, மரத்துக்குச் சமாதி கட்டியிருக்கேன். ஒரு மாலையும் வாங்கிப் போடுங்க" என்றீர்கள். கூட வந்த போலீஸ்காரர் சிரித்துவிட்டார்.

உண்மையில் மரம் கல்லுக்கு இரண்டடி மேற்கே, சுவர்ப் பக்கமாக நின்றது. மரம் நின்ற இடம்வரை மட்டும் அளந்தால் ஆட்டோ வரும், ஆம்புலன்ஸ் வராது.

நீங்கள் சட்டென்று என்னைக் காட்டினீர்கள். "இந்தப் பிள்ளைட்ட கேளுங்க. எல பறிச்சது இதுதான். இது எந்த எடத்தச் சொல்லுதோ, எனக்குச் சம்மதம்."

எல்லோரும் திரும்பினார்கள். எங்கள் வீட்டுக்குள்ளிருந்து அப்பாவின் இருமல் கேட்டது. நான் நடந்துபோய்த் துவைக்கிற கல்லின் மேல் கை வைத்தேன். ஈரமாக இருந்தது.

என் கையையும் கல்லையும் பார்த்தீர்கள். "சரி, பிள்ள சொல்லிட்டுல்லா. அளங்க."

கல்லைப் பெயர்த்து, வெயில் விழாத கிழக்கு மூலையில் போட்டுக்கொண்டீர்கள். போகும்போதும் வரும்போதும் அந்தப் பக்கம் பார்க்காமல் நடப்பேன். ஒருநாள் நீங்களே, "ஏட்டி, அப்பாவுக்கு எப்பிடி இருக்கு?" என்றீர்கள். உண்மையைச் சொல்லிவிட வாயெடுத்தேன். "இப்ப நல்லாருக்காவ அத்தை" என்றுதான் வந்தது.

அது பொய்யில்லை. அதற்கு முந்தின மாதம் அப்பாவுக்கு மூச்சுத் திணறியபோது, ஆம்புலன்ஸ் நேராக எங்கள் வாசலுக்கே வந்தது. அந்த இரண்டடி இல்லாவிட்டால் அவர் பிழைத்திருக்க மாட்டார். அதனால் அதைத் திருப்பித் தர எனக்கு மனசு வரவில்லை. உங்களுடையதல்ல என்று நினைக்கவும் முடியவில்லை.

நீங்கள் தவறிப்போய் நாற்பது நாள் ஆகிறது. மரம் எங்கே நின்றது என்று உங்களைவிட யாருக்குத் தெரியும்? நான் கை வைத்தபோதே உங்களுக்கு எல்லாம் தெரிந்திருக்கும். அப்படியிருந்தும் அளக்கச் சொன்னீர்கள்.

இப்போது பாதை அகலமாகக் கிடக்கிறது. பள்ளிக்கூடம் போகும்போது நான் மட்டும் மேற்குச் சுவரை உரசிக்கொண்டே நடக்கிறேன். கிழக்கே அந்த இரண்டடியில் இன்றுவரை கால் வைத்ததில்லை.