பன்னிரண்டாவது கொப்பி

சுகமா என்று கேட்க வழியில்லாத இடத்துக்குப் போய்விட்ட என் ஆசை றீற்றா அக்காவுக்கு,

எங்கள் ஊர் ஓலைத்தொடுவாயில் சோழகக் காற்று தொடங்கிவிட்டது. முற்றத்து மணல் முழுக்கக் குசினிக்குள் வந்து கிடக்கிறது. கூட்டிக் கூட்டி எனக்குக் கை நோகிறது. இந்தக் காற்றின் பெயரைத்தானே நீ புனைபெயராக வைத்துக்கொண்டாய்?

சோழகன். ஒன்பது நாவல்கள். ஊரில் ஈ காக்கைக்குத் தெரியாது. கிழமை நாளில் மீன்பிடிக் கந்தோரில் கிளாக்கர், ஞாயிறு காலையில் கோயிலில் மறைக்கல்வி. பதினைந்து பதினாறு வயதுப் பிள்ளைகள் பாடப்புத்தகத்துக்குள் ஒளித்துவைத்து வாசிக்கும் சோழகன், தங்களுக்குச் செபம் சொல்லித்தரும் றீற்றா ரீச்சர்தான் என்று யார் நினைப்பார்கள்? போரில் நாங்கள் இடம்பெயர்ந்து மடு மாதா கோயில் மரத்தடியில் கிடந்தபோதும் நீ தடித்த மட்டைச் சி.ஆர். கொப்பியை முழங்காலில் வைத்து எழுதினாய். கேட்டவர்களிடம் கந்தோர் வேலை என்றாய். நானும் ஆமாம் போட்டேன்.

தெரிந்தது இரண்டே பேருக்கு. ஒன்று நான். மற்றது அண்ணன், அவருடைய மன்னார் ரவுண் வீட்டு விலாசத்துக்குத்தான் உன் வாசகர்களின் கடிதங்கள் வரும் என்பதால். ஞாயிற்றுக்கிழமைகளில் அந்தக் கடிதக் கட்டைக் கொண்டுவந்து கதிரையில் எறிவார். எல்லாம் உடைத்து வாசிக்கப்பட்டிருக்கும். "உந்தக் குப்பையளைக் கொட்ட என்ர வீடோ கிடைச்சது? நானொரு பள்ளிக்கூட அதிபர், விளங்குதோ?" என்பார். நீ சிரித்துக்கொண்டே பொறுக்கி எடுத்து, ஒவ்வொரு பிள்ளைக்கும் தபாலட்டையில் பதில் போடுவாய்.

இனி நான் சொல்லப்போவதைச் சொல்லவே அருவருப்பாக இருக்கிறது. இப்போது அண்ணன்தான் சோழகன்.

உன் முப்பத்தோராம் நாள் பூசை முடிந்து, சனம் சாப்பிட்டுவிட்டுப் போனதும், அவர் நேரே உன் அலுமாரியடிக்குப் போனார். "அவளின்ர கடைசிக் கதையைத் தா பிள்ளை. அவளின்ர ஆசைக்கு அச்சடிப்பிச்சு விடுவம்" என்றார். நான் அந்தக் கதையின் கொப்பிகளைத் தூசு தட்டி, பையில் போட்டு, தேத்தண்ணியும் ஊற்றிக் கொடுத்தேன். மொத்தம் பதினொரு கொப்பிகள். அவர் எண்ணிக்கூடப் பார்க்கவில்லை. முடிவு அதில் இருக்கிறதா என்று நானும் பார்க்கவில்லை.

பன்னிரண்டாவது கொப்பி உன் ஆசுப்பத்திரிப் பைக்குள், துவாய்க்கும் செபமாலைக்கும் இடையில் கிடந்தது. அதைக் கண்டதும் அண்ணனுக்குப் போன் எடுத்தேன்.

"அண்ணை, கதையின்ர முடிவு கிடைச்சிட்டுது!"

"தேவையில்லை பிள்ளை. முடிவை நானே எழுதிப்போட்டன்."

"அக்கா வேற மாதிரியெல்லோ எழுதியிருக்கிறா?"

"வீட்டை விட்டுப் போற அந்த ஸ்டெல்லாப் பெட்டையின்ர கதையை என்ர பேரில விடேலுமோ? சனம் காறித் துப்பும்."

என்ர பேரில. வாய் தவறிச் சொல்கிறார் என்று நினைத்தேன், அக்கா. அவ்வளவு மடைச்சி நான். பிறகு பஸ் நிலையத்தில் புத்தக வெளியீட்டு விழாச் சுவரொட்டியைப் பார்த்தேன். அண்ணனின் சிரித்த முகம். அதற்குக் கீழே, சோழகன். எங்கள் மன்னார்க் கழுதைகள் இரண்டு அதைக் கிழித்துச் சப்பிக்கொண்டு நின்றன. இந்த விசயத்தில் சரியாக நடந்துகொண்டவை அவை மட்டும்தான்.

விழாவுக்குப் போனேன். போகாமல் இருந்திருக்கலாம், போனேன். உன் புத்தகங்கள் பிள்ளைகளைக் கெடுக்கின்றன என்று ஒருகாலத்தில் மேடை மேடையாகக் கத்திய மனிதர்தான் தலைமை தாங்கினார். அண்ணனை "இந்த மண்ணின் முத்து" என்றார். அண்ணன் தலையைக் குனிந்து, அடக்கமாக இருப்பதுபோல நடித்தார். நாற்பது வருடம் பள்ளிப் பிள்ளைகளுக்கு ஒழுக்கம் படிப்பித்த மனிதர். அண்ணனின் பேச்சில் நீ ஒரே ஒருதடவை வந்தாய், அதுவும் பெயரில்லாமல். "எனது கையெழுத்துப் பிரதிகளைக் கவனமாக வைத்திருந்த காலஞ்சென்ற தங்கை" என்றார்.

அதற்குப் பிறகு அண்ணனுக்குப் பொன்னாடை போர்த்த என்னைக் கூப்பிட்டார்கள். எழும்பிப் போனேன். போர்த்தினேன். அவர் பூசியிருந்த சென்ற் மணம் என் கையில் ஒட்டிக்கொண்டது. சவுக்காரம் போட்டு மூன்றுதரம் கழுவியும் அது போகவில்லை.

புத்தகங்களில் அவர் கையெழுத்து வைத்துக்கொண்டிருந்தபோது ஒரு பெண் என்னிடம் வந்தாள். பெயர் தர்ஷினி. கட்டுக்கரையில் குளக்கட்டுக்குக் கிட்ட வீடு, தகப்பன் வயல்காரர், தான் இப்போது நில அளவைக் கந்தோரில் வேலை செய்வதாகச் சொன்னாள். கைப்பையிலிருந்து பழைய தபாலட்டை ஒன்றை எடுத்தாள். பத்தாம் வகுப்போடு தன் படிப்பை மறிக்கப் பார்க்கிறார்கள் என்று அவள் எழுதிய கடிதத்துக்கு உன் பதில். 'தங்கச்சி, அப்பாவோடு சண்டை பிடி. ஆனால் சாப்பிடாமல் கிடக்காதே. பசியோடு சண்டை பிடிக்க ஏலாது. சோழகன்.' எழுத்துகள் எல்லாம் இடப்பக்கம் சாய்ந்து, மை லேசாக இழுபட்டு. உன் இடக்கை எழுத்து. சின்ன வயதில் அண்ணன் அடிமட்டத்தால் அடித்து அடித்து மாற்றப் பார்த்தாரே, அந்தக் கை.

"அன்ரி, ஒரு சின்னச் சந்தேகம். இது அதிபர் சேரின்ர கையெழுத்தோ? இப்ப புத்தகத்தில வைச்சுத் தந்ததைப் பாத்தா வேற மாதிரிக் கிடக்கு."

நான் என்ன சொன்னேன் தெரியுமா? "ஓம் பிள்ளை, வயசு போனாக் கையெழுத்தும் மாறும்தானே."

அண்ணன் அங்கே தூரத்தில் பொன்னாடையோடு நின்றார். அவருக்கு எதிர்ப்பேச்சு பேசி எனக்குப் பழக்கமில்லை. யேசுவைத் தெரியாது என்று மறுதலித்த பேதுருவாவது சேவல் கூவியதும் வெளியே போய் அழுதார். நான் வீட்டுக்கு வந்து பாணும் சம்பலும் தின்றேன். அண்ணனை நினைத்தால் வரும் அருவருப்பு ஒரு பங்கு என்றால், என்னை நினைத்தால் வருவது இரண்டு பங்கு.

எட்டு நாள் அப்படியே கிடந்தேன். நேற்றுக் காலை பன்னிரண்டாவது கொப்பியை எடுத்துக்கொண்டு பஸ் ஏறினேன். விசாரித்து விசாரித்துத் தர்ஷினியின் வீட்டைக் கண்டுபிடித்தேன். அவள் படலையைத் திறந்ததும், உள்ளே போகவும் பொறுமையில்லாமல் வாசலிலேயே சொன்னேன்.

"பிள்ளை, அண்டைக்கு நான் பொய் சொன்னனான். அந்தத் தபாலட்டை என்ர அக்கா எழுதினது. எல்லாப் புத்தகமும் அவதான் எழுதினவ."

கோபிப்பாள், அழுவாள், அண்ணனைத் திட்டுவாள் என்று நினைத்தேன். அவள் என் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டது வேறு, அண்ணன் அச்சடித்த முடிவைப் பற்றி.

"அப்ப ஸ்டெல்லா திரும்பி வரேல்லையோ? தகப்பன்ர காலில விழேல்லையோ? அந்த மச்சானைக் கட்டேல்லையோ?"

"இல்லைப் பிள்ளை."

"எனக்குத் தெரியும் அன்ரி! அவள் அப்பிடிச் செய்யாள்."

கொப்பியை வாங்கி நின்ற நிலையிலேயே வாசித்தாள். கடைசிப் பக்கத்தை இரண்டுதரம் வாசித்தாள். பிறகுதான் "உள்ள வாங்கோ அன்ரி" என்று சொல்ல அவளுக்கு நினைவு வந்தது.

அக்கா, இந்தக் கடிதத்தை உன் முதல் கதையைப் போட்ட அதே பத்திரிகைக்கு அனுப்புகிறேன். தர்ஷினி தந்த தபாலட்டையின் படத்தையும் வைக்கிறேன். அண்ணன் இனி என் வாசற்படி மிதிக்கமாட்டார். மிதிக்காமல் இருக்கட்டும். உன் கதையின் கடைசி வரிகளையும் எல்லோரும் வாசிக்க இதிலேயே எழுதிவிடுகிறேன்:

'எங்கே இறக்கம் என்று கொண்டக்டர் கேட்டார். பஸ் போகிற கடைசி இடத்தில் என்றாள் ஸ்டெல்லா.'

அவ்வளவுதான். அவள் போய்விட்டாள். அண்ணன் எத்தனை பதிப்புப் போட்டாலும் இனி அவளைத் திருப்பிக் கொண்டுவர முடியாது.

உனக்கு ஒரு வாக்குத் தருகிறேன். சோழகனுக்குக் கடிதம் எழுதுகிற பிள்ளைகள் இனி ஓலைத்தொடுவாய்க்கு எழுதட்டும். ஒன்றையும் உடைத்து வாசித்து எறியமாட்டேன். உன்னைப்போல எனக்கு எழுத வராது, ஆனாலும் ஒவ்வொன்றுக்கும் தபாலட்டையில் பதில் போடுவேன். சாப்பிட்டுவிட்டுச் சண்டை பிடிக்கச் சொல்வேன். கீழே என் சொந்தப் பெயரைத்தான் எழுதுவேன்.

உன் தங்கை,
ஜசிந்தா