இஞ்சி விடாத பழ சோடா

புதுப்பாளையம், கடலூர்
தை 9

அன்பு மகள் கயல்விழிக்கு அம்மா எழுதுவது. இங்கு நானும் உன் அப்பாவும் உடம்புக்கு ஒன்றுமில்லாமல் இருக்கிறோம். அங்கு நீயும் மாப்பிள்ளையும் எப்படி இருக்கிறீர்கள் என்று கேட்கத்தான் வேண்டும், ஆனால் கேட்டால் நல்லா இருக்கோம்மா என்றுதான் சொல்வாய், அதை அப்படியே நம்புகிற நிலையில் நான் இப்போது இல்லை. காணும் பொங்கலுக்குப் பிறகு நீ நாலு தடவை கூப்பிட்டாய். என் போன் ரிப்பேர் இல்லை, ஆபீசில் வேலையும் ஜாஸ்தி இல்லை, நான்தான் எடுக்கவில்லை. எடுத்தால் கத்துவேன், நீ அப்புறம் பேசறேம்மா என்று வைத்துவிடுவாய். அதனால்தான் பேப்பரில் எழுதுகிறேன், இதை நடுவில் வைக்க முடியாது.

நீ சொல்லிக்கொடுத்த பழ சோடாவைக் காணும் பொங்கலன்று செய்தேன். நீ மூன்று முறை சொல்லி, நான் காலண்டர் பின்னால் எழுதி வைத்திருந்தபடியேதான், ஒன்றும் மாற்றவில்லை. முதல் நாளே சர்க்கரைப் பாகு காய்ச்சி அதில் புதினாவைப் போட்டு மூடி வைத்து, ஆறினதும் வடிகட்டினேன். மாதுளை உதிர்த்து, அன்னாசியைப் பொடியாக நறுக்கி, கமலா ஆரஞ்சைச் சுளை சுளையாக உரித்து, விதையில்லாத கறுப்பு திராட்சையை இரண்டாக வெட்டி, எல்லாவற்றையும் பாகில் போட்டு நாலு எலுமிச்சம்பழம் பிழிந்து ஃபிரிட்ஜில் வைக்க இடமில்லாமல் மாவுச் சட்டியை வெளியே எடுத்தேன், அது பொங்கி வழிந்தது வேறு கதை. சோடாவை மொத்தமாகப் பாத்திரத்தில் ஊற்றக் கூடாது, கிளாசில் இரண்டு கரண்டி பழம் போட்டு, ஐஸ் போட்டு, குடிக்கிறவர் கையை நீட்டின பிறகு ஓரமாகச் சாய்த்து ஊற்ற வேண்டும் என்று சொன்னாயே, அப்படியேதான் ஊற்றினேன். நுரை மேலே வர, மாதுளை முத்தெல்லாம் ஏறி இறங்கியது. பார்க்கவே அழகு. சிப்காட்டில் அப்பாவோடு வேலை பார்த்தவர்கள், உன் தனம் அத்தை குடும்பம், சிதம்பரத்திலிருந்து மாலதி சித்தியும் செம்பியன் சித்தப்பாவும், மொத்தம் இருபத்திரண்டு பேர். தனம் ஒரு வாய் குடித்துவிட்டு, "கல்யாண மண்டபத்துல வாசல்ல குடுப்பாங்களே, அத மாதிரியே இருக்குது அண்ணி, வேற ஒண்ணும் கலக்கலியே?" என்றாள். எல்லோரும் சிரித்தார்கள். என் பொண்ணு மெல்போர்ன்லேர்ந்து சொல்லிக் குடுத்தது என்று வருகிறவர் போகிறவரிடமெல்லாம் பெருமையாகச் சொன்னேன். தனம் விடுவாளா, எப்ப நல்ல சேதி என்று கேட்டாள். நானும், "அதுங்களுக்கு இப்ப புள்ளையெல்லாம் வேணாமாம், வேலதான் முக்கியமாம்" என்று சிரித்துக்கொண்டே சொன்னேன். பக்கத்தில் நின்ற மாலதி என் முகத்தைப் பார்க்காமல் தரையைப் பார்த்தாள். அப்போது எனக்கு ஒன்றும் தோன்றவில்லை.

பந்தி முடிந்து ஆட்கள் குறைந்த பிறகு மாலதிக்கு ஒரு கிளாஸ் ஊற்றிக் கொடுத்தேன். குடித்தாள். நல்லாருக்குதுக்கா என்றாள். பிறகு வாயில் வைத்துக்கொண்டே, "ஆனா அன்னிக்கு கயலு ஒரு ஸ்பூன் இஞ்சிச் சாறு விட்டா, அது இதுல இல்ல" என்றாள். என்னிக்கு என்று கேட்டேன். அவள் கிளாசைக் கீழே வைத்தாள். நீ ஊருக்கு வந்து மூன்று வருஷம் ஆகிறது, இந்தப் பழ சோடாவை நீயே அங்கே போய்த்தான் கற்றுக்கொண்டதாகச் சொன்னாய், பிறகு மாலதி எப்போது குடித்தாள்? செம்பியன் எழுந்து காரை எடுக்கிறேன் என்று வெளியே போனார். அந்த மனிதர் காரை எடுக்கப் போனதில்தான் எனக்கு ஏதோ இருக்கிறது என்று புரிந்தது. மாலதியைக் கையைப் பிடித்து சமையலறைக்குள் கூட்டிக்கொண்டு போய் கதவைச் சாத்தினேன்.

அவள் அழுதுகொண்டே சொன்னாள். ஆடி மாதம் நீ வந்தாய். எட்டு நாள் சிதம்பரத்தில் அவள் வீட்டில் இருந்தாய். அங்கேயே நாலு மாதத்தில் உனக்குக் கலைந்து, அதற்குப் பிறகுதான் வந்திருக்கிறாய். நீ உண்டாகியிருந்ததும் எனக்குத் தெரியாது, போனதும் தெரியாது. நாலு நாள் கட்டிலை விட்டு எழுந்திருக்கவில்லை, ரசம் சோறு ஊட்டிவிட்டேன் என்றாள். பதினெட்டாம் பெருக்குக்கு அவள் வீட்டுக்கு ஆள் வந்தபோதுதான் நீ எழுந்து நின்று, ஏதாவது கைவேலை குடு சித்தி என்று கேட்டு எல்லோருக்கும் இதைக் கலந்து கொடுத்தாயாம். "அன்னிக்குத்தாங்கா அவ மொகத்துல கொஞ்சம் உசுரு வந்துச்சி, அதான் அந்த ருசி என் வாயிலயே நிக்குது" என்றாள். செம்பியன் வீட்டு ஆட்கள் அத்தனை பேரும் உன்னைப் பார்த்திருக்கிறார்கள், உன் கையால் வாங்கிக் குடித்திருக்கிறார்கள். ஏன்டி எனக்குச் சொல்லவில்லை என்று மாலதியை உலுக்கினேன். "அவ ஒண்ணுதான் சொன்னாக்கா. அம்மாகிட்ட சொன்னா அம்மா அழுவாங்க, அப்பறம் நான் அவுங்கள தேத்தணும், இப்ப எனக்கு அதுக்குத் தெம்பு இல்ல சித்தின்னா." இதைச் சொல்லிவிட்டு அவள் போய்விட்டாள். காரில் ஏறும்போது செம்பியன் என்னிடம் வந்து, "ஏர்போர்ட்லேர்ந்து வரும்போது விடியக்காலையில கடலூர் தாண்டுனோம் அண்ணி, வண்டிய நிறுத்தட்டுமான்னு கேட்டேன், அவ கண்ண மூடிக்கிட்டா" என்றார். அதை என்னிடம் ஏன் சொன்னார் என்று தெரியவில்லை. மனசு கேட்கவில்லை போலிருக்கிறது.

அதற்கப்புறம் எனக்கு ஒவ்வொன்றாக ஞாபகம் வந்தது. ஆடியில் ஒரு நாள் வீடியோவில் பேசும்போது உன் நெற்றியெல்லாம் வேர்வை. அங்கே குளிர்காலம்தானே என்று கேட்டேன், ஹீட்டரை ஜாஸ்தி வெச்சிட்டேம்மா என்றாய். பின்னால் கோயில் மணி கேட்டது, பக்கத்து வீட்டுத் தமிழ்க்காரர்கள் டிவி என்றாய். அது நடராஜர் கோயில் மணி. அதே வாரம் எங்கள் ஆபீஸ் ஆரோக்கியம்மாள் பெண்ணுக்கு நிச்சயதார்த்தம் என்று நான் சிதம்பரம் வந்தேன் கயல். வந்தது வந்தோம், மாலதியைப் பார்த்துவிட்டுப் போகலாம் என்று போன் செய்தேன். அவள் மூச்சிரைக்க பஸ் ஸ்டாண்டுக்கே ஓடி வந்து, வீட்டில் டைல்ஸ் ஒட்டுகிறார்கள் உட்காரக்கூட இடமில்லை என்று சொல்லி, எதிரே ஒரு ஓட்டலில் காபி வாங்கிக் கொடுத்து, கடலூர் பஸ்ஸில் ஏற்றி, ஜன்னல் பக்கம் சீட்டு பிடித்துக் கொடுத்து அனுப்பினாள். அங்கிருந்து அவள் வீட்டுக்குப் பத்து நிமிஷ நடை. நீ உள்ளே படுத்திருக்கிறாய், நான் பஸ்ஸில் உட்கார்ந்து தங்கச்சிக்கு என்மேல் எவ்வளவு பாசம் என்று நினைத்துக்கொண்டு வருகிறேன்.

இதில் இன்னொன்றும் இருக்கிறது. எல்லோரும் போன பிறகு உன் அப்பா பின்கட்டில் கிளாஸ்களைக் கழுவிக்கொண்டிருந்தார். அவரிடம் போய் இப்படியாம் என்று சொன்னேன். அவர் குழாயை நிறுத்தவில்லை. திரும்பியும் பார்க்கவில்லை. உங்களுக்கும் தெரியுமா என்று கேட்டேன். "மூணாம் நாளு போயி பாத்துட்டு வந்தேன் தெலகா. அவ கேட்டுக்கிட்டா, வாக்கு குடுத்துட்டேன்" என்றார். திருவதிகை கோயிலுக்குப் போகிறேன் என்று சொல்லிவிட்டுப் போன நாள் அது. திரும்பி வந்து, அன்னதானம் சாப்பிட்டுவிட்டேன் பசியில்லை என்றார், சட்டையில் சிதம்பரத்துக் கத்தரிக்காய் கொத்சுக் கறை. கோயிலில் ஏது கொத்சு என்று நான் கேட்கக்கூட இல்லை, சோப்புப் போட்டு நானேதான் துவைத்தேன். முப்பத்திமூன்று வருஷம் என்னோடு இருக்கிற மனிதர். மாப்பிள்ளையும் அந்த வாரம் கயலுக்கு ஷிஃப்ட் மாத்திட்டாங்க அத்தை, தூங்கறா என்று என்னிடம் வாய் கூசாமல் சொன்னார். தங்கச்சி, புருஷன், மாப்பிள்ளை, பெற்ற பெண், நாலு பேரும் சேர்ந்து என்னை ஒரு ஓரமாக நிற்க வைத்துவிட்டீர்கள், நான் நிற்கிறேன் என்பதே எனக்குத் தெரியாது.

ஆறு நாளாக உன் அப்பாவுக்குச் சோறு போடுகிறேன், பேசவில்லை. மாலதி கூப்பிட்டாலும் எடுக்கவில்லை. நான் செய்ததும் எனக்கு ஞாபகம் இருக்கிறது, மறந்துவிட்டு எழுதுகிறேன் என்று நினைக்காதே. முதல் தடவை உனக்குக் கலைந்தபோது டிராமில் நின்றுகொண்டே வேலைக்குப் போனாயா என்றுதான் கேட்டேன், உனக்கு வலிக்கிறதா என்று கேட்கவில்லை. தனத்திடம் சொன்னேன், அவள் ஊரெல்லாம் சொன்னாள், ஒரே நாளில் ஏழு பேர் உனக்குப் போன் போட்டு ஆளுக்கொரு டாக்டர் பெயர் சொன்னார்கள். நீ என்னிடம் ஒன்றும் சொல்லவில்லை. நானும் அது முடிந்துபோனது என்று இருந்துவிட்டேன். சரி, என்மேல் தப்பு. ஆனால் அதற்கு இவ்வளவு பெரிய தண்டனையா கயல்? அழுதிருப்பேன், உண்மைதான். அழுகிறவள் பக்கத்தில் வேண்டாம் என்று நீ முடிவு செய்தாய். அழுதுகொண்டே உனக்கு வெந்நீர் போட்டுக் கொடுத்திருக்க மாட்டேனா? மனசு ஆற மாட்டேன் என்கிறது. ஆறினது போல நடிக்கவும் எனக்குத் தெரியாது, அது உங்கள் நாலு பேருக்கும்தான் நன்றாக வருகிறது.

மற்றபடி இங்கே விசேஷம் ஒன்றும் இல்லை. தனத்திடம் நான் வாய் திறக்கவில்லை, இனியும் திறக்க மாட்டேன், அவள் கேட்டால் கேட்டுக்கொண்டு போகட்டும். பேரீச்சம்பழமும் கறுப்பு எள்ளுருண்டையும் தனி பார்சலில் அனுப்பியிருக்கிறேன். டாக்டர் கொடுத்ததாக மாலதி சொன்ன இரும்புச்சத்து மாத்திரையை வயிற்றைப் பிரட்டுகிறது என்று நிறுத்திவிடாதே, சாப்பிட்ட பிறகு போடு. மாப்பிள்ளைக்கும் போன பிள்ளைதான் அது, அவரையும் கொஞ்சம் பார்த்துக்கொள். அவர்மேல் எனக்குக் கோபம் உண்டு என்பதையும் சொல்லிவிடு.

இந்தக் கவரில் ஒரு சாவி இருக்கும், பிரிக்கும்போது கீழே விழுந்துவிடப் போகிறது. நம் மாடி ரூம் சாவி. வெளிப்படிக்கட்டு வழியாகவே ஏறிப் போகலாம், எங்கள் வாசலைத் தாண்ட வேண்டியதில்லை. பெட்ஷீட் மாற்றி, ஃபேன் துடைத்து வைத்திருக்கிறேன். அடுத்த தடவை எதற்காக வந்தாலும், எந்த நேரம் வந்தாலும், யாரிடமும் சொல்லாமல் திறந்து உள்ளே போய்ப் படுத்துக்கொள். தட்டில் சோறு போட்டுக் கதவுக்கு வெளியே வைத்துவிட்டுக் கீழே வந்துவிடுவேன். என்ன ஏது என்று கேட்க மாட்டேன். அழுதாலும் கீழேயே அழுதுகொள்கிறேன். நீ நன்றாக இரு, அந்தத் திருவதிகை வீரட்டானேசுவரர் உன் கூடவே இருக்கட்டும்.

உன் அம்மா
ந. திலகவதி