குல்சமானின் கதைக்கு ம் கொட்டினேன்

பலெர்மோ

அன்புள்ள வதனிக்கு,

உமது இருமல் நின்றதா? மாமி முழங்காலுக்கு எண்ணெய் பூசுகிறாவோ? எனக்கு ஒரு குறையும் இல்லை. ஊருக்கு வரும் அழகரத்தினம் அண்ணையிடம் இதைக் கொடுத்துவிடுகிறேன்.

எங்கள் உணவகத்தில் மீன் வெட்டும் குல்சமான், ஆப்கானிஸ்தானின் நூரிஸ்தானி இனத்து மலைக்காரன். அவனுடைய திரெகாமி மொழியை அங்கே மூன்று ஊர்களில்தான் பேசுகிறார்கள். நாக்கை மடித்து அவன் சொல்லும் ட, ண எல்லாம் நம்முடையவை போலவே கேட்கும். ஆனால் ஒரு சொல்லும் எனக்கு விளங்காது.

அந்த ஒலிகளைப் பதிவுசெய்ய வந்த சிஞ்ஞோரா, மொழி ஆராயும் இத்தாலிய அம்மா ஒருவர், அவனைக் கதை சொல்லச் சொன்னா. இரண்டு வசனத்தோடு நிறுத்திவிட்டான்.

"மைக்குக்கு எப்பிடிக் கதை சொல்லுறது? ஆரும் கேக்க வேணுமெல்லே?" என்றான் இத்தாலிய மொழியில்.

கணவாய் கழுவிக்கொண்டிருந்த என்னை எதிரில் இருத்தினார்கள். அவன் மூச்சு விட்ட இடமெல்லாம் "ம்" கொட்டினேன். ஒரு மணித்தியாலம் சொன்னான். ஆறு வருடமாக அந்த மொழியில் யாரோடும் முகம் பார்த்துக் கதைக்கவில்லையாம்.

என்னுடைய "ம்" எல்லாவற்றையும் வெட்டிவிடவா என்று சிஞ்ஞோரா கேட்டா.

"வேண்டாம். வெட்டினா நான் சுவரோட கதைச்ச மாதிரி இருக்கும்" என்றான்.

அண்ணை திரும்பும்போது அவரிடம் கூழுக்கு ஒடியல் மாவும் உடுக்க இரண்டு சாரமும் கொடுத்துவிடும். அவர் கீழே நின்று கூப்பிடுகிறார்.

போனில் நான் "ம்" மட்டும் சொல்கிறேன் என்று கோபிப்பீரே, இந்த ஞாயிறு நான் கதைக்கிறேன். நீர் "ம்" கொட்டும்.

கஜானன்