நஜீமா கேட்கும் கேள்விகள்

3.3.1958, திங்கள்
இன்றும் கேட்டுவிட்டாள். "கமலம்மா, ஊர்லேர்ந்து கடுதாசி ஒண்ணும் வரலியா?"

வீட்டுக்காரி நஜீமா, ஐம்பது வயது விதவை. என் கடிதத்தைப் பற்றி இவளுக்கு என்ன கவலை? கணவருக்குப் பம்பாயில் வேலை என்று சொல்லியிருக்கிறேன். நம்பினாளா?

உண்மையில், கும்பகோணத்தில் கணவர் தேசிகனின் அடி பொறுக்காமல் வெளியேறி நாலு மாதம். தனியாக வந்தவளுக்கு ஸ்ரீரங்கத்தில் யாரும் இடம் தரவில்லை. அதுவும் நல்லதுதான். ஐயங்கார் வீட்டுப் பெண்ணை இந்தப் பள்ளிவாசல் தெருவில் யார் தேடப் போகிறார்கள்?

5.3
ஆபீசில் எட்டுப் பேர். இன்று முழுக்க என்னிடம் ஒருவர் பேசியது: "கார்பன் வச்சு மூணு காப்பி அடிங்க." அவ்வளவுதான்.

15.3
"கையில என்னங்க தழும்பு?" என்றாள் நஜீமா. சமையலில் சுட்டுக்கொண்டது என்றேன். "ம்" என்றாள். அந்த "ம்"முக்கு என்ன அர்த்தம்? யாரிடம் போய்ச் சொல்வாள்?

27.3, வியாழன்
தெருமுனை திரும்பினேன் — வாசலில் தேசிகன்! கதவைப் பாதி திறந்து நஜீமா அவரோடு பேசிக்கொண்டிருக்கிறாள். சொல்லிட்டாளே. பாவி, சொல்லிட்டாளே!

ஓடிப்போய் முசிறி பஸ்ஸில் ஏறி உட்கார்ந்தேன். முசிறியில எனக்கு யார் இருக்கா? இறங்கிவிட்டேன். எங்கெங்கோ நடந்து, தெருவில் ரம்ஜான் நோன்பு திறந்த பிறகு பெட்டியை எடுக்க வந்தேன்.

"யார்ட்ட சொன்னே?" என்று கத்தினேன். மரியாதை எல்லாம் போயிற்று. அவள் கதவைத் தாழிட்டாள்.

"ஒருத்தர் போட்டோ காட்டிக் கேட்டாரு. அப்படி யாரும் இங்க இல்லீங்கன்னுட்டேன். நோன்பு வச்சிக்கிட்டுப் பொய் சொல்லிட்டேன், அல்லாஹ் மன்னிக்கணும்."

"உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"அந்த ஆளு கதவைத் தட்டுன தட்டைக் கேட்டேன். உங்க கையையும் பார்த்திருக்கேன்ல."

28.3
உண்மைதானா? இவளுக்கு இதில் என்ன கிடைக்கும்? லீவு போட்டுவிட்டு நாள் முழுக்க ஜன்னல் வழியே தெருவைப் பார்த்தேன். யாரும் வரவில்லை. மாலையில் கஞ்சி கொண்டுவந்தாள். வேண்டாம் என்றேன். வைத்துவிட்டுப் போனாள். பெட்டியை இன்னும் பிரிக்கவில்லை.

12.4
இன்று கஞ்சி குடித்தேன்.

6.5, செவ்வாய்
நஜீமாவுக்குக் கண்ணில் புரை. அவளைப் புத்தூர் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனேன். சீட்டு எழுதுபவர், "கூட வந்தது யாரு?" என்றார். குடித்தனக்காரி என்று சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் அவள், "தங்கச்சிங்க" என்றாள்.

அவர் என் நெற்றித் திருச்சூர்ணத்தைப் பார்த்தார். அவள் தலையை மூடிய துப்பட்டியைப் பார்த்தார். "கூடப் பிறந்ததா?" என்று என்னைக் கேட்டார்.

"ஆமாம்" என்றேன்.