செவ்வாயின் நீலக் கட்டம்

9.8.2004, திங்கள்
காலண்டர் சீசன். விருதுநகர்ப் பள்ளி ஒன்றின் ஆர்டர்: செவ்வாயில் இறங்கிய வண்டி எடுத்த படம், இரண்டாயிரம் பிரதி. ஓனர் அய்யாதுரை எட்டிப் பார்த்து, "செவப்ப நல்லா ஏத்தும்மா வேல்விழி, சாமி படம் மாதிரி பளிச்சுனு இருக்கட்டும்" என்கிறார். இவருக்குச் செவ்வாயும் மத்தாப்புப் பெட்டி லேபிளும் ஒன்றுதான். பி.எஸ்ஸி. இயற்பியல் படித்துவிட்டு இந்த அச்சகத்தில் கலர் திருத்துகிறேன். என் தலையெழுத்து.

10.8.2004
படத்தின் மூலையில், கேமராவின் நிறத்தைச் சரிபார்க்க வண்டியிலேயே பொருத்திய சிறு பலகை. நடுவில் சாம்பல் வளையங்கள்; சுற்றிலும் சிவப்பு, மஞ்சள், பச்சை, நீலம் என்று நான்கு கட்டங்கள். லேஅவுட் போடும் முத்துப்பாண்டி, தாளோரம் நாம் அடிக்கும் கலர் பட்டை என்று நினைத்து வெட்டியே விட்டான்! மடையன். திரும்பச் சேர்த்தேன்.

ஆனால் நீலக் கட்டம் ரோஸாக இருக்கிறது. அமெரிக்காக்காரனும் கோட்டை விடுவான் போல.

12.8.2004
அந்தக் கட்டம் நீலமாகும்வரை மொத்தப் படத்தின் நிறத்தையும் மாற்றினேன். மெஷின்மேன் சோணைமுத்து முதல் தாளோடு வந்து நிற்கிறார்.

"கிரே வளையத்துல நீலம் அடிக்குது தாயி. முன்ன சரியாத்தான இருந்துச்சு? கலர் தப்புன்னா எல்லாக் கட்டமும்ல கெடும்? ஒண்ணு மட்டும்னா, அந்தப் பெயின்ட்டுலதான் என்னமோ இருக்கு."

எட்டாவது பெயில். எனக்குக் கேமரா பாடம்!

"நீங்க மையைப் பாருங்கண்ணே." தாளில் ஓகே என்று கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன்.

13.8.2004
இரண்டாயிரமும் ஓடி முடிந்தது. வானம் நம்மூர் வானம் மாதிரி. அழகு.

17.8.2004
பள்ளியிலிருந்து சம்சாத் டீச்சர் வந்தார். "அந்தப் படத்தைச் சிவப்புக்குப் பதிலா அகச்சிவப்பு வடிகட்டி போட்டு எடுத்திருக்காங்க. அந்த நீலச் சாயம் அகச்சிவப்புல பளிச்சுனு இருக்கும். அதான் ரோஸ். இந்தக் காலண்டர் எங்களுக்கு வேண்டாம்."

அய்யாதுரை யாரையும் விசாரிக்கவில்லை. "ஏலே சோணைமுத்து, கண்ணு அவிஞ்சா போச்சு? நாளையிலருந்து வராத."

நான் கையெழுத்துப் போட்ட தாள் சோணைமுத்துவின் மேசையில்தான் கிடந்தது. அவர் அதை எடுத்துக் காட்டவில்லை. நானும் வாயைத் திறக்கவில்லை. ஏன்? வேலை போயிரும்னா? சீ... நீயெல்லாம் ஒரு மனுசியா?

18.8.2004
ஓகே போட்டது நான்தான் என்று ஓனரிடம் சொல்லிவிட்டேன்.

20.8.2004
எனக்கு இனி பைண்டிங்கில் வேலை. மறுபடி அச்சடித்த முதல் தாளைச் சோணைமுத்து இங்கே கொண்டுவந்து காட்டினார். சாம்பல் வளையங்கள் சாம்பலாகவே, நீலக் கட்டம் ரோஸாக. "சரியா இருக்கா, பாரு தாயி" என்றார். நிஜமாகவே கேட்கிறார்.

அவர் கொஞ்சம் இளக்காரமாகச் சிரித்திருக்கலாம். அவருக்கு அப்படிச் சிரிக்கத் தெரியவில்லை.