நாலாம் மாடியிலிருந்து இறங்கிய ஆட்டக்காரர்

செவ்வாய்

விடியவிருந்து மழை. கோப்பன்ஹேகன் புறநகர் ஹ்விடோவ்ரேயில் நான் பராமரிக்கப் போகும் முதல் வீடு இன்றும் ம.வுடையதுதான். இந்த வேலையில் ஆட்களின் முழுப்பெயர் எழுதக்கூடாது. நாலாம் மாடி. லிஃப்ட் பழுதாகி மூன்றாவது கிழமை. ஏறி முடிய மூச்சு வாங்கியது.

ஒரு காலத்தில் ஐரோப்பா முழுக்கப் பெயரெடுத்த கூடைப்பந்தாட்டக்காரர். பிறந்த நாட்டுக்கு இப்போது வேறு பெயர். கடைசியாக கோப்பன்ஹேகனில் விளையாடி, இங்கேயே தங்கிவிட்டார். இரண்டு முழங்காலும் போய்விட்டன. கட்டில் நீளம் போதாது. காலடியில் ஒரு ஸ்டூல்.

சனிக்கிழமை பழைய கழகத்தில் விழா. அவருடைய சட்டையை மண்டபக் கூரையில் ஏற்றுகிறார்கள். இனி அதிலுள்ள இலக்கத்தை அந்தக் கழகத்தில் வேறு யாரும் போடமுடியாது.

"சட்டை மேலை போகுது. நான் கீழை போகேலாமல் இருக்கிறன்," என்றார். அவருடைய டேனிஷும் என்னுடையதைப் போல உடைசல். அதனால் நன்றாக விளங்குகிறது.

வியாழன்

கட்டட நிர்வாகத்துக்கு ஃபோன். லிஃப்ட் சாமான் அடுத்த கிழமைதான்.

எங்கள் பிரிவுத் தலைவி: "ஆளைப் படியாலை இறக்கக்கூடாது. விழுந்தால் உம்மடை பொறுப்பு." நான் தற்காலிக ஆள். நிரந்தரமாக்குவதா என்று இந்த மாதம்தான் முடிவு.

ம. நாலு வரிப் பேச்சு எழுதி வைத்திருக்கிறார். நான் சவரம் செய்துவிடும்போது வாசித்தார். தாடை அசைந்துகொண்டே இருந்தது. பிளேடை எடுத்துவிட்டேன்.

வீட்டில் கணவர்: "உமக்கேன் வில்லங்கம்? கையெழுத்து வைக்கும்வரைக்கும் பேசாமல் இரும்." எட்டு மாதமாகப் பேசாமல்தான் இருக்கிறேன்.

வாங்க: வெந்தயம், பல் பசை, சின்னவளுக்கு மழைச் சப்பாத்து.

சனி

எனக்கு லீவு. ஆனாலும் பத்து மணிக்குப் போனேன். ம.வின் மகள் ஓகூஸ் நகரிலிருந்து வந்திருந்தாள்.

"வீடியோவிலை பாப்பம், அப்பா."

அவர் சக்கர நாற்காலியைப் படிப்பக்கம் உருட்டினார். நாங்கள் பிடிக்க, அதிலிருந்து இறங்கி முதல் படியில் குந்தினார். கைகளை ஊன்றி அடுத்த படிக்கு. குழந்தைகள் இறங்குவதுபோல. நான் முன்னால் கால்களைத் தாங்கினேன். மகள் பின்னால் தோளைப் பிடித்தாள்.

இரண்டாம் மாடியில் களைத்து நிறுத்திவிட்டார். உடம்பெல்லாம் வேர்வை.

"மேலையும் ஏலாது, கீழையும் ஏலாது."

அம்புலன்ஸைக் கூப்பிட்டால் என் பெயரைக் கேட்பார்களே என்பதுதான் எனக்கு முதலில் வந்த யோசனை. வெட்கம்.

பக்கத்துக் கதவைத் திறந்து ஒரு பெண் தண்ணீர் தந்தாள். குடித்தார். கண்ணை மூடினார். பிறகு தானாகவே அடுத்த படி.

கீழே வர ஒன்றேகால் மணித்தியாலம். மகள் திரும்ப ஏறி நாற்காலியைக் கொண்டுவந்தாள்.

மண்டபத்தில் எல்லாரும் எழுந்து நின்றார்கள். சட்டை மேலே போனது. அவர் அதைப் பார்க்கவில்லை. நின்றவர்களின் முகங்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். பேச்சுத் தாளைத் திறக்கவும் இல்லை.

"இறங்கி வந்தனான்," என்றார். அவ்வளவுதான்.

திங்கள்

குளிர். மகள் அவரை ஓகூஸுக்குக் கூட்டிப்போய்விட்டாள். அவள் வீட்டில் படியில்லை.

பேப்பரில் விழாப் படம். நாற்காலிக்குப் பின்னால் நான், பச்சைச் சுவெற்றரோடு. கணவர் காலையிலேயே: "கேட்டால், படத்திலை இருக்கிறது நானில்லை எண்டு சொல்லும்."

பத்தரைக்குத் தலைவி கூப்பிட்டார். மேசையில் அதே பேப்பர்.

"இவரை இறக்கினது நீரோ?"

"ஓம்," என்றேன். தமிழில் வந்துவிட்டது. பிறகு டேனிஷிலும் சொன்னேன்.